ஆடு, கோழி, கூடவே நண்டு: கணக்கில் உதவி வேண்டும்

பெரம்பூரில் இருக்கிறோம், பையன் ஐந்தாம் வகுப்பு. ஆடும் கோழியும் சேர்ந்து தலை 20, கால் 56 என்ற கணக்கை எக்ஸ், ஒய் இல்லாமலே சொல்லிக் கொடுத்துவிட்டேன். எல்லாமே கோழி என்று வைத்தால் கால் 40, மிச்சம் 16. ஆட்டுக்கு இரண்டிரண்டு கால் கூடுதல். ஆக ஆடு 8, கோழி 12. சரி, புரிந்துகொண்டான்.

அடுத்த கணக்கில் நண்டும் வந்துவிட்டது! தலை 15, கால் 60. (கொடுக்கையும் சேர்த்து நண்டுக்குக் கால் 10, காசிமேட்டில் வாங்கியதை எண்ணியே பார்த்தோம்.) எனக்கு மூன்று விடை வருகிறது: நண்டு 1, ஆடு 11, கோழி 3, அல்லது 2, 7, 6, அல்லது 3, 3, 9. டியூஷன் நோட்டில் இரண்டாவது மட்டும்தான் இருக்கிறது. கேள்வியில் ஒரு வரி விட்டுப்போயிருக்கிறதா, இல்லை நான்தான் எதையாவது கவனிக்கவில்லையா? யாராவது சொல்லுங்களேன், நாளை சாயங்காலம் டியூஷன்.