ஒரு வாய், இரண்டு சுருதி: 'ஈரிழை' சரிப்படுமா?

ஒரே மூச்சில் இரண்டு ஒலியைச் சேர்த்துப் பேசும் மலைவாசிகளை வைத்து நண்பர் ஒரு நாவல் எழுதுகிறார், அந்தப் பேச்சுக்குத் தமிழில் என்ன பெயர் வைக்கலாம் என்பது கேள்வி. மேற்பொருந்தொலி, அடுக்கொலி, ஒலிமயக்கம், உடனோட்டம் என்று நாலு சொல் வந்தாயிற்று. எது அழகு என்று எல்லோரும் பேசிக்கொண்டிருக்கிறோம். எனக்கு அதற்கு முன்னால் ஒரு சந்தேகம். நண்பரின் நாவலில் அந்த மலைவாசிகள் பேசும்போது எதன்மேல் எது படிகிறது? அது தெரியாமல் பெயர் வைத்தால் எந்தப் பெயரும் ஒட்டாது.

நாவலைப் படிக்காதவர்களுக்காக: அந்த உலகத்து மனிதர்களுக்குத் தொண்டையில் ஒலி பிறக்கும் இடம் இரண்டு. ஒரே மூச்சில் இரண்டு சொற்களைச் சேர்த்துச் சொல்கிறார்கள். தனிச்சொல் என்று ஒன்று கிடையாது, இரண்டும் ஒன்றன்மேல் ஒன்று விழும் இடத்தில்தான் பொருள் பிறக்கிறது என்பது அவர்களுடைய இலக்கணக்காரர்களின் கொள்கை. கொள்கை பிரமாதம், எனக்கு ரொம்பப் பிடித்திருக்கிறது. உடற்கூறுதான் இடிக்கிறது.

இரண்டு இடத்தில் ஒலி பிறப்பது நடக்கக்கூடியதுதான், பாடும் பறவைகளுக்கு அப்படித்தான். அவற்றின் குரல் உறுப்பு நம்மைப்போல மேலே இல்லை. மூச்சுக்குழல் இரண்டாகப் பிரிகிற இடத்தில் இருக்கிறது, பெயர் சிரிங்ஸ். வலப்பக்கமும் இடப்பக்கமும் தனித்தனியாக இயங்கும் என்பதால் ஒரே பறவை ஒரே சமயத்தில் இரண்டு சுரம் கொடுக்க முடியும். ஆனால் 'ஆ'வையும் 'ஈ'யையும் பிரிப்பது தொண்டை இல்லையே, நாக்கும் உதடும் வாயின் வடிவமும் அல்லவா? ஒலி பிறக்கும் மூலம் வேறு, அதை வடிகட்டி எழுத்தாக்கும் வாய் வேறு என்று ஒலியியல் அறிஞர் குன்னர் ஃபான்ட் 1960இல் விரிவாக எழுதியது இன்றும் ஒலியியலில் பாலபாடம். தொண்டை இரண்டாக இருந்தாலும் வாய் ஒன்றுதான் என்றால் இரண்டு மூலத்திலிருந்து வருகிற ஒலியும் அந்த ஒரே வாய் வழியாகத்தான் வெளியே வர வேண்டும். ஆக ஒரு பக்கம் 'கல்', இன்னொரு பக்கம் 'நீர்' என்று சேர்த்துச் சொல்ல வழியே இல்லை. 'கல்' என்ற ஒரே சொல்லை இரண்டு சுருதியில் சொல்லலாம், அவ்வளவுதான். (ஐரோப்பாவில் 13ஆம் நூற்றாண்டு மோட்டெட் என்ற பலகுரல் பாடல்களில் லத்தீனில் ஒரு பாட்டும் பிரெஞ்சில் ஒரு பாட்டும் ஒரே சமயத்தில் போகும். அங்கே வாயும் இரண்டு. ரஷ்யாவில் உள்ள துவா பகுதியின் கூமே என்ற தொண்டைப் பாட்டில் ஒரே ஆள் இரண்டு சுரம் எழுப்புகிறாரே என்று கேட்பீர்கள். அது பறவைக்கு நேர் எதிர், மூலம் ஒன்றுதான், அதோடு கூடவே மெலிதாக ஒலிக்கும் மேற்சுரங்களில் ஒன்றை வாயால் பொறுக்கித் தூக்கிக் காட்டுகிறார்.)

இதனால் நாவல் கெட்டுப்போகாது, இன்னும் நன்றாக வரும் என்றுதான் நினைக்கிறேன். ஒரு சொல்லுக்கு எழுத்து வரிசை ஒன்று, அதன்மேல் இரண்டு சுருதி வரிசை. மொழியியலாளர் ஜான் கோல்ட்ஸ்மித் 1976இல் எம்.ஐ.டி.யில் கொடுத்த ஆய்வேட்டில் ஆப்பிரிக்கத் தொனி மொழிகளை (சுருதி மாறினால் சொல்லின் பொருளே மாறும் மொழிகளை)க் கிட்டத்தட்ட இப்படித்தான் பார்த்தார். தொனி எழுத்துக்குள் அடைந்து கிடப்பதில்லை, தனித் தளத்தில் ஓடுகிறது, இரண்டையும் கோடுகள் தொடுக்கின்றன என்றார். அதனால்தான் ஓர் உயிரெழுத்து கெட்டாலும், அதாவது விழுந்துவிட்டாலும், அதன் தொனி கெடாமல் பக்கத்து எழுத்தில் போய் ஒட்டிக்கொள்ள முடிகிறது. நண்பர் இந்த ஒன்றை எடுத்துக்கொண்டாலே மூன்று அத்தியாயத்துக்குத் தேவையான புணர்ச்சி விதிகள் கிடைத்துவிடும்.

சரி, சொல்லுக்கு வருவோம். 'மேற்பொருந்துதல்' இயற்பியல் பாடப்புத்தகச் சொல், அலைகள் கூடி ஒரே அலையாவதைச் சொல்வது. இங்கே இரண்டும் கரைந்துவிடக் கூடாது, கேட்பவருக்குத் தனித்தனியாகத் தெரிய வேண்டும். 'அடுக்கு' என்றால் அடுக்குத்தொடர் வந்து நிற்கும், 'வா வா' என்று காலத்தில் அடுத்தடுத்து வருவது அது. 'மயக்கம்' நல்ல இலக்கணச் சொல், மறுக்கவில்லை, ஆனால் மெய்ம்மயக்கம் என்பது மெய்கள் பக்கத்தில் பக்கத்தில் நிற்பதுதானே, மேலே ஏறுவது இல்லையே. 'உடனோட்டம்' கேட்டதும் எனக்கு உடன்போக்குதான் நினைவுக்கு வந்தது. ஒலிகள் வீட்டுக்குத் தெரியாமல் ஓடிப்போன மாதிரி இருக்கிறது.

ஒலி ஒன்றன்மேல் ஒன்று ஏறுவது நம் இலக்கணத்துக்குப் புதிதும் இல்லை. மெய்க்கு அரை மாத்திரை (மாத்திரை என்பது எழுத்து ஒலிக்கும் கால அளவு), குறிலுக்கு ஒன்று, இரண்டும் சேர்ந்த 'க' ஒன்றரை ஆகியிருக்க வேண்டும். ஆகவில்லை, ஒன்றுதான். 'மெய்யோ டியையினும் உயிரியல் திரியா', மெய்யோடு சேர்ந்தாலும் உயிரின் இயல்பு மாறாது என்கிறது தொல்காப்பியம். நாழி நீரில் அரை நாழி உப்பைப் போட்டால் ஒன்றரை நாழி ஆகிவிடுமா என்ற மாதிரி உரையில் விளக்கம் வரும். காலத்தில் ஒன்றுக்குள் ஒன்று அடங்குகிற ஒலிக்கு இதைவிடத் தெளிவான கணக்கை நான் பார்த்ததில்லை. நண்பரின் இலக்கணக்காரர்கள் அளவு சொல்லும் இடத்தில் இதே வழியில் யோசிக்கலாம்: இரண்டு சுருதி ஏறினாலும் மாத்திரை கூடாது.

என் பரிந்துரை 'ஈரிழை'. ஈரிழைத் துண்டு எல்லோருக்கும் தெரியும், இரண்டிரண்டு நூலாகச் சேர்த்து நெய்தது, துண்டு ஒன்றுதான், நூலைப் பிரித்தால் இரண்டும் தெரியும். வேண்டியது இதுதானே. சுருதி வரிசை ஒவ்வொன்றும் இழை. அந்தக் கொள்கை ஈரிழைக் கொள்கை. இழை எழுத்தில் ஒட்டுகிற இடம் தொடுப்பு. எழுத்து கெட்டு இழை மட்டும் மிஞ்சினால் விடுபட்ட இழை என்று சொல்லிவிட்டுப் போகலாம், அதற்கென்று தனியாக ஒன்றை உருவாக்கி வாசகரை வதைக்க வேண்டாம். நாளைக்கு மூன்று தொண்டைக்காரர்கள் வந்தாலும் மூவிழை, பல்லிழை என்று நீளும். 'இழைவு' மட்டும் வேண்டாம், சுருதியோடு இழைவது என்றால் வித்தியாசம் தெரியாமல் சேர்ந்துவிடுவது என்றுதான் காதில் விழும்.

ஒரு கொசுறு. இரண்டு இழையும் மிக நெருங்கிய சுருதியில் ஓடினால் ஒலி ஏறி ஏறி இறங்கும். 256 ஹெர்ட்சும் 260 ஹெர்ட்சும் சேர்ந்தால் விநாடிக்கு 4 தடவை. பாடப்புத்தகத்தில் இதன் பெயர் விம்மல். அந்த ஊர்க்காரர்களின் ஒப்பாரிக்கு இதைவிட வேறென்ன வேண்டும்? சாவு வீட்டில் எல்லோரும் இரண்டு இழையையும் வேண்டுமென்றே நெருக்கிப் பேசுகிறார்கள் என்று வைத்துப் பாருங்கள்.

'ஈரிழை'க்கு மறுப்பு இருந்தால் சொல்லுங்கள், குறிப்பாக இசை தெரிந்தவர்கள். நண்பருக்கு மட்டும் ஒரு வேண்டுகோள்: எந்தச் சொல் நிலைத்தாலும் இரண்டாம் அத்தியாயத்தில் அந்தக் கிழவி பேரனைத் திட்டும்போது 'மேற்பொருந்தொலியில் பேசடா' என்கிறாளே, அதை முதலில் எடுத்துவிடுங்கள். கோபத்தில் யாருக்கும் அவ்வளவு மூச்சு இருக்காது, தொண்டை இரண்டு இருந்தாலும்.