விளக்கு எரிந்தால் உயிருக்குப் பயமில்லையா? (பொலிவியாவின் பொத்தோசி வெள்ளிச் சுரங்கம்)

கல்லுளி: "பொத்தோசியில் கார்பைடு விளக்கு எரியும்வரை பயமில்லை, கெட்ட காற்று வந்தால் தானே அணைந்துவிடும்" என்று நேற்று ஒருவர் இங்கே எழுதியிருக்கிறார். படித்ததிலிருந்து மனசு ஆறவில்லை. ஆக்சிஜன் ஏறக்குறைய 13 சதவீதத்துக்கு இறங்கினால்தான் அந்தச் சுடர் அணையும். பாறைக்கு வெடி வைத்தபின் வரும் கார்பன் மோனாக்சைடு 0.2 சதவீதம் இருந்தாலே ஆளைச் சாய்த்துவிடும். சுடர் அசையக்கூட அசையாது.

மலைமுகடு: எழுதியது நான்தான். பேரைச் சொல்லியே திட்டுங்கள். சுரங்கம் இருக்கும் செர்ரோ ரிக்கோ மலையில் விளக்கு மங்கினால் திரும்பிவிடுவார்கள். தலைமுறைப் பழக்கம் அது.

கல்லுளி: மங்குவது ஆக்சிஜன் குறைந்தால். நான் சொல்வது மோனாக்சைடு. வெடிமருந்து என்பது அம்மோனியம் நைட்ரேட் 94 பங்குக்கு டீசல் 6 பங்கு. டீசல் கூடினால் மோனாக்சைடு ஏறும். குறைந்தால் நைட்ரஜன் டைஆக்சைடு, செம்பழுப்புப் புகை. அந்தப் புகை கலைந்ததும் உள்ளே நுழைகிறார்கள். நிறமும் மணமும் இல்லாத மோனாக்சைடு உடைந்த கல் குவியலுக்குள் தங்கியிருந்து, அள்ளும்போது வெளிவரும். தண்ணீர் தெளித்தாலும் கரையாது. விளக்கு அப்போதும் எரியும்.

தூசிப்படலம்: இருவரும் விளக்கையே பிடித்துத் தொங்குகிறீர்கள். அங்கே ஆளைத் தின்பது சிலிக்கோசிஸ், கல்தூசி நுரையீரலில் படிந்து வரும் நோய். தூசி அடங்கத் தண்ணீர் விடாமல் துளையிடுகிறார்கள். 5 மைக்ரானுக்குக் கீழான தூசி முகத்தில் கட்டிய துணிக்கு நிற்காது.

மலைமுகடு: மலையுச்சி 4,782 மீட்டர். காற்று மெல்லிசு, சுடர் சீக்கிரமே அணையும். எச்சரிக்கையும் சீக்கிரம்.

கல்லுளி: மெல்லிசானாலும் ஆக்சிஜன் பங்கு அதே 21 சதவீதம்தான். அழுத்தம்தான் கடல்மட்டத்தில் இருப்பதில் ஏறக்குறைய 60 சதவீதம். மூச்சுக்கு ஏற்கெனவே பற்றாக்குறை. மோனாக்சைடோ ரத்தத்தில் ஆக்சிஜனைவிட 200 மடங்குக்கு மேல் இறுக்கமாக ஒட்டும். உயரம் உங்கள் வாதத்தைத்தான் உடைக்கிறது. விளக்கு அப்போதும் எரியும்.

மித்தாயோ: 80 லட்சம் பேரைத் தின்ற மலைக்கு வந்து விளக்குச் சண்டையா?

மலைமுகடு: அந்த 80 லட்சத்துக்குப் பதிவேடு எங்கே? ஸ்பானிய வைஸ்ராய் தொலேடோ 1570களில் கொண்டுவந்த மித்தா என்ற கட்டாய வேலை முறையில் வருஷத்துக்கு ஏறத்தாழ 13,500 பேர். கணக்குப் போட்டுப் பாருங்கள்.

மித்தாயோ: மித்தா முடிந்தபின் கூலிக்கு இறங்கியவர்களும் வெள்ளி பிரிக்கப் பாதரசம் கலந்த தாதுவை மிதித்தவர்களும் கணக்கில் வரமாட்டார்களா? போன மாதமும் இதையே சொல்லி மழுப்பினீர்கள்.

தூசிப்படலம்: துளைக்கருவிக்குத் தண்ணீர்க் குழாய் ஏன் இல்லை என்று ஒருவரும் கேட்கவில்லை.

மலைமுகடு: விளக்கு அணைந்தால் திரும்ப வேண்டும். நான் சொன்னது அவ்வளவுதான்.

கல்லுளி: இல்லை. "எரியும்வரை பயமில்லை" என்றீர்கள். மேலே அப்படியே இருக்கிறது.