இனிஷியலை வைத்து வரிசைப்படுத்துவதா, பெயரை வைத்தா?

கேள்வி:
விக்கிப்பீடியாவில் பாடகிகள் பட்டியலை ஒழுங்குபடுத்துகிறேன். எம். எஸ். சுப்புலட்சுமி, எஸ். ஜானகி, எல். ஆர். ஈஸ்வரி எல்லாரும் 'எ' வரிசையில் நெருக்கியடித்து நிற்கிறார்கள். சுப்புலட்சுமியைத் தேடுகிறவர் 'சு'வில்தானே பார்ப்பார்? ஆங்கிலத்தில் செய்வதுபோலக் குடும்பப் பெயரை முன்னே வைக்கலாமா?

பதில் 1:
தம்பி, குடும்பப் பெயர்க் கணக்கு இங்கே பொருந்தாது. சுப்புலட்சுமியின் 'எம்' மதுரை, 'எஸ்' தாயார் சண்முகவடிவு. கு. காமராசரின் 'கு' தந்தை குமாரசாமி. ஆளின் பெயர் கடைசியில் இருப்பதுதான். தலைப்பைத் தொடாதீர்கள், வரிசைப்படுத்தும் இடத்தில் மட்டும் 'சுப்புலட்சுமி, எம். எஸ்.' என்று கொடுங்கள், போதும்.

பதில் 2:
அண்ணன் சொல்வது சரி. அப்புறம் இன்னொன்று: யூனிகோடு (கணினியில் ஒவ்வொரு எழுத்துக்கும் தந்திருக்கும் எண்) வரிசையில் 'ன' என்ற எழுத்து ந-வுக்கும் ப-வுக்கும் நடுவே இருக்கிறது. நம் நெடுங்கணக்கில் அதுதான் கடைசி மெய். வெறும் எண்படி அடுக்கினால் கனகா, கபிலனுக்கு முன்னால் வந்துவிடுவார். கணினியில் பட்டியல் போடும்போது இதையும் பாருங்கள்.

கேட்டவர்:
நன்றி அண்ணா. அம்மாவின் பழைய போன் நோட்டிலும் எல்லாரும் சொந்தப் பெயரில்தான் இருக்கிறார்கள்; இனிஷியல் பின்னால் சின்னதாக. இன்றிரவே ஜானகியை 'ஜா'வுக்கு மாற்றுகிறேன்.