ஜப்பானில் சாமுராய் வாள் வகுப்புக்குப் போய்வந்தவர்கள் இருக்கிறீர்களா?

மலைக்கோட்டைக்காரன்:

ஊர் திரும்பி ஆறு வாரம் ஆகிறது. இன்னும் இடது கைக் கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவே இருக்கும் சதையைப் பார்த்தால் அந்தப் பெரியவர்தான் நினைவுக்கு வருகிறார். யாரிடமாவது சொல்லிவிட்டால் போகும் என்று எழுதுகிறேன்.

கியோட்டோவில் இரண்டு மணி நேர வகுப்பு. மழை விடவில்லை, கோயில் பார்க்கும் திட்டம் கெட்டது, விடுதிக்காரர் பதிவுசெய்து கொடுத்தார், போனோம். ஹகாமா என்ற மடிப்பு வைத்த அகலக் கீழாடையைக் கட்டிவிடுவது, மண்டியிட்டு வாளுக்கு வணக்கம் சொல்வது எல்லாம் போனவர்களுக்குத் தெரியும், விட்டுவிடுகிறேன். வாளுறைக்கு அவர்கள் மொழியில் ‘சாயா’ என்று பெயர் என்றதும் நானும் என் மைத்துனனும் சிரித்துவிட்டோம். சொல்லிக்கொடுத்த பெரியவர் சிரிக்கவில்லை, எதற்குச் சிரிக்கிறீர்கள் என்றும் கேட்கவில்லை.

வாளை உருவுவது பத்து நிமிடத்தில் ஓரளவு பிடிபட்டது. சிக்கல் முழுவதும் அதைத் திரும்ப உறையில் போடுவதில்தான். ‘நோத்தோ’ என்கிறார்கள். உறையின் வாய்க்குக் கெண்டைமீன் வாய் என்று பெயர் வைத்திருக்கிறார்கள். பார்த்தால் அப்படித்தான் இருக்கிறது. அந்த வாயை இடது கையால் பொத்திப் பிடிக்க வேண்டும். வாளின் முதுகைக் கட்டைவிரல் இடுக்கில் வைத்து, பிடிக்கும் அலகுக்கும் நடுவே இருக்கும் கைத்தடுப்பின் அருகிலிருந்து நுனி வரை வழுக்கிக்கொண்டே போக வேண்டும். நுனி இடுக்கைத் தாண்டியதும் உறையின் வாய்க்குள் விழும். பிறகு, கூர்ப்பக்கம் வானத்தைப் பார்த்தபடி இருக்க, மெதுவாக உள்ளே தள்ள வேண்டும். இவ்வளவையும் கீழே குனிந்து பார்க்காமல் செய்ய வேண்டும். விழுந்துகிடக்கும் எதிரி மீதே கண் இருக்க வேண்டுமாம், அவன் எழுந்துவிடலாம். நான் மூன்று முறை குனிந்து பார்த்தேன். மூன்று முறையும் ஒற்றை விரலால் என் முகவாயை நிமிர்த்தினார்.

நான்காவது முறை எனக்கு எரிச்சல் வந்துவிட்டது. எங்களிடம் கொடுத்திருப்பது கூர் இல்லாத உலோகக் கலவை வாள்தானே, பார்த்தால் என்ன என்று மொழிபெயர்க்கும் பெண்ணிடம் கேட்டேன். அவள் அதை எப்படி மாற்றிச் சொன்னாளோ, அவர் பதில் பேசவில்லை. தம் இடது கையை என் முகத்துக்கு நேரே விரித்துக் காட்டினார். அந்த இடுக்கில் அரிசி அரிசியாக வெள்ளைத் தழும்புகள். ஏழு வரை எண்ணினேன். ஒன்று மட்டும் நீளமாக இறங்கி உள்ளங்கை ரேகையோடு போய்ச் சேர்ந்திருந்தது. அவர் பழகத் தொடங்கி நாற்பத்தாறு ஆண்டுகள் என்று ஆரம்பத்திலேயே சொல்லியிருந்தார்கள். நீளத் தழும்பைத் தொட்டுக்காட்டி ஏதோ சொன்னார்.

“போன வருடம்” என்று மொழிபெயர்த்தாள் அந்தப் பெண்.

நெய்தல்:

தழும்பு காட்டுவதும் நிகழ்ச்சி நிரலில் உண்டு நண்பரே, மனம் நோக வேண்டாம். பொது இடத்தில் வாள் அணியக் கூடாது என்று 1876இல் மெய்ஜி அரசு ஆணை போட்டதோடு சாமுராய் கதை முடிந்தது. இன்று நமக்கு விற்பது உடையும் புகைப்படமும். அதனால் நான் தோக்கியோவில் ஒளிவு மறைவில்லாத இடமாகத் தேடிப் போனேன். ‘தாத்தே’, அதாவது மேடைக்கும் திரைப்படத்துக்குமான வாள்சண்டை. அங்கே யாரும் தத்துவம் பேசவில்லை. முதல் அரை மணி நேரமும் சாவது எப்படி என்று சொல்லிக்கொடுத்தார்கள். வெட்டுகிறவனைவிட வெட்டுப்படுகிறவனுக்குத்தான் அங்கே மதிப்பு. அவன் சரியாக விழாவிட்டால் நாயகன் ஈ ஓட்டுகிறவன் போலத் தெரிவான்.

என் மகனுக்கு எட்டு வயது. அவன் என்னைத் தோளிலிருந்து இடுப்பு வரை குறுக்கே வெட்ட வேண்டும். வாள் என்மேல் படாது, ஒரு சாண் தள்ளிப் போகும். நான் பாதி திரும்பி, முழங்கால் மடிந்து விழ வேண்டும். நன்றாகவே செத்தேன் என்று நினைக்கிறேன், சுற்றியிருந்தவர்கள் கைதட்டினார்கள். பயிற்சியாளர் இன்னொரு முறை என்றார். பையன் வாளைத் தரையில் வைத்துவிட்டான். “வேண்டாம்ப்பா” என்றான். பிறகு அதைத் தொடவே இல்லை. மீதி நேரம் அவன் அம்மாதான் என்னை வெட்டினாள். அவளுக்குத் துளியும் தயக்கம் இல்லை.

ஏன் வேண்டாம் என்றான் என்று இதுவரை அவனிடம் நான் கேட்கவில்லை.

இடதுகை:

இரண்டாம் வகுப்பில் இடது கையால் எழுதியதற்கு ஸ்கேலால் அடி வாங்கியவள் நான். இருபத்தைந்து வருடம் கழித்து ஒசாகாவில் ஒருவர் நேரே வந்து, நான் வலப்பக்கம் செருகியிருந்த வாளை என் இடுப்பிலிருந்து உருவி இடப்பக்கம் மாற்றி வைத்தார். ஒரு வார்த்தை கேட்கவில்லை.

காரணம் பிறகு சொன்னார். எல்லோரும் இடப்பக்கமே அணிய வேண்டும். குறுகிய தெருவில் ஒருவர் உறை மற்றவர் உறையில் இடித்தால் அதுவே சண்டைக்குப் போதும். அப்படியானால் இடக்கைச் சாமுராய்களே இல்லையா என்றேன். இருந்திருப்பார்கள், அவர்களும் வலது கையால்தான் உருவினார்கள் என்றார். அந்தப் பதிலைக் கேட்டதும் என் இரண்டாம் வகுப்பு டீச்சரைப் பார்த்த மாதிரி இருந்தது.

அப்புறம் நடந்ததுதான் குழப்பம். உருவிய பின் பிடி இரண்டு கையாலும்தான். இடது கை அடியில். சுண்டுவிரலும் மோதிரவிரலும் இறுக்கிப் பிடிக்க வேண்டும். விசை அங்கிருந்துதான் வருகிறது, வலது கை வழிகாட்ட மட்டுமே. ஈரத்துணி பிழிவது போலக் கைகளை உள்நோக்கித் திருகச் சொன்னார். தண்ணீரில் ஊறவைத்துச் சுருட்டிய பாயை மரத் தாங்கியில் செருகி நிறுத்தியிருந்தார்கள். இந்தச் சுற்றுக்கு மட்டும் அசல் வாள். அவர் என் பின்னாலேயே நின்றார். வெட்டினேன். சத்தமே வரவில்லை. தவறிவிட்டது என்று நினைத்தேன். பாயின் மேல்பாதி ஒன்றும் நடக்காதது போல அப்படியே நின்றது, பிறகு சரிவாக வழுக்கிக் கீழே விழுந்தது. வெட்டு முகம் வாழைத்தண்டை நறுக்கியது போல இருந்தது. அடுத்த வெட்டு பாதியில் மாட்டிக்கொண்டது. வாளின் சாய்வும் வீச்சின் பாதையும் ஒன்றாக இல்லையாம்.

முதல் வெட்டை நினைத்தால் இப்போதும் சந்தோஷமாக இருக்கிறது. ஆனால் கேட்காமல் என் இடுப்பிலிருந்து எடுத்தாரே, அந்தக் கோபம் போகவில்லை.

தாமிரபரணி:

நானும் போனேன், எனக்கு 61 வயது. மண்டியிட்டுப் பத்து நிமிடம் உட்கார்ந்தேன். தூக்கிவிட இரண்டு பேர் வேண்டியிருந்தது. பாயை வெட்டச் சொன்னபோது பத்தமடையில் பிறந்த என் மனைவி கண்ணை மூடிக்கொண்டாள்.

இனி போகிறவர்களுக்குச் சில செய்திகள். முழங்கால் வலி உள்ளவர்கள் முன்பே சொல்லிவிடுங்கள், முக்காலி தருவார்கள். ஹகாமா கட்டுவதற்கு முன் கழிவறை போய்விடுங்கள், கட்டிய பின் பெரும்பாடு. மோதிரம், கைக்கடிகாரம், வளையல் எல்லாவற்றையும் கழற்றிவிடுங்கள். தரையில் கிடக்கும் வாளைத் தாண்டிக் காலெடுத்து வைக்காதீர்கள்; நம் ஊரில் புத்தகத்தை மிதித்தால் எப்படியோ அப்படி. அசல் வாளின் அலகைத் தொடாதீர்கள், விரல் ஈரத்திலேயே துருப்பிடிக்கும். இன்னொருவரிடம் கொடுக்கும்போது கூர்ப்பக்கம் உங்களை நோக்கி இருக்கட்டும்.

நினைவுப்பொருளாக மரவாள் வாங்கினால் கைப்பையில் வைக்காதீர்கள், விமான நிலையத்தில் பிடுங்கிக்கொள்வார்கள்; சரக்குப் பெட்டியில் போடுங்கள். பயிற்சிக்கான கலவை உலோக வாளா அசலா என்று அறியக் காந்தம் வைத்துப் பாருங்கள், துத்தநாகமும் அலுமினியமும் கலந்ததில் ஒட்டாது. அசல் வாள் பதிவுச் சீட்டோடு வரும். அதை நாட்டை விட்டு எடுத்துவரக் கலாசார விவகார முகமையின் சான்று தனியாக வேண்டும். நம் சுங்கத்திலும் முன்கூட்டியே விசாரித்துக்கொள்ளுங்கள்.

நேரம் இருந்தால், வாள் செய்வதற்குப் பேர்போன கிஃபு மாநிலத்துச் செக்கி ஊருக்கோ ஒகயாமா பக்கம் ஒசாஃபுனே வாள் அருங்காட்சியகத்துக்கோ போய்வாருங்கள். வாளின் அந்த வளைவு அடித்து வளைப்பதால் மட்டுமே வருகிறது என்று நினைத்திருந்தேன். முதுகுப்பக்கம் தடிப்பாகவும் கூர்ப்பக்கம் மெல்லியதாகவும் களிமண் பூசி, பழுக்கக் காய்ச்சித் தண்ணீரில் அமிழ்த்தும்போது இரண்டு பக்கமும் வெவ்வேறு வேகத்தில் குளிர்ந்து வாள் வளைகிறது. வகுப்பில் இதைச் சொல்லவில்லையே என்று எனக்கு வருத்தம்.

இடதுகை அம்மாவுக்கு: கோபப்படாதீர்கள். நம் ஊரிலும் சாப்பிடுவது வலது கையால்தானே?

இடதுகை:

ஐயா, நான் இடது கையால்தான் சாப்பிடுகிறேன்.

கம்புக்காரன்:

நெய்தல் அண்ணா, 1876 என்று ஒரு கோடு போட்டுவிட்டீர்கள். அதற்கு முன்பு எடோ காலத்தில் (1603–1868) இருநூறு வருடங்களுக்கு மேல் பெரிய போரே இல்லை. சாமுராய்களில் ஏராளமானவர்கள் பிரபுவின் அலுவலகத்தில் கணக்கெழுதி, அரிசியைச் சம்பளமாக வாங்கியவர்கள். வாளை ஒருநாளும் சண்டைக்கு உருவாமல் மூப்படைந்தவர்கள் எத்தனையோ பேர். அவர்களும் பயிற்சிக்கூடத்தில் மரவாளும் மூங்கில் வாளும் பிடித்துத்தான் பழகினார்கள். அவர்களையும் போலி என்பீர்களா? அந்தப் பெரியவர் கையில் இருந்த தழும்பு வேறு எப்படி வரும் என்று நினைக்கிறீர்கள்? ஐயா தாமிரபரணி, யாரும் கேட்காவிட்டாலும் காந்தம் விஷயம் எனக்குப் பயன்படும், நன்றி.

என் கதை அவமானக் கதை. மதுரைப் பக்கம், பதினோரு வருடம் சிலம்பம். ஃபுக்குவோக்காவில் வகுப்புத் தொடங்கும்போது முன் அனுபவம் உண்டா என்றார்கள். வாயை வைத்துக்கொண்டு சும்மா இருந்திருக்கலாம். மரவாளைக் கொடுத்து, செய்துகாட்டு என்றார்கள். சுற்றினேன். தலைக்கு மேல், முதுகுக்குப் பின்னால், கை மாற்றி, எல்லாம். உடன் வந்தவர்கள் காணொளி எடுத்தார்கள். ஆசிரியர் முடியும் வரை பொறுமையாகப் பார்த்துவிட்டுத் தலை குனிந்து வணங்கினார். பிறகு மரவாளை வாங்கி அதன் வளைந்த அடிப்பக்கத்தை விரலால் தடவிக் காட்டினார். கைப்பேசியில் எதையோ தட்டி நீட்டினார். “நீங்கள் சுற்றும்போது இந்தப் பக்கம் எங்கே இருந்தது?” என்று இருந்தது.

எனக்குப் புரியவில்லை. அவர் என்னை நிற்கவைத்து, நான் சுற்றியதை மெதுவாகத் திரும்பச் செய்தார். என் கழுத்தில் ஒரு முறை, இடது முழங்கையில் ஒரு முறை, தொடையில் ஒரு முறை அந்த மரத்தை லேசாக வைத்தார். கம்புக்கு முதுகு கிடையாது, எந்தப் பக்கம் பட்டாலும் அடிதான். வாளுக்கு ஒரே பக்கம்தான் கூர். காதுவரை சூடாகிவிட்டது எனக்கு. அந்தக் காணொளியை இன்னும் யாருக்கும் அனுப்பவில்லை.

ஊருக்கு வந்து ஆசானிடம் சொன்னேன். வெற்றிலையை மென்று முடித்துவிட்டுக் கேட்டார்: “அவர் கையில் ஒரு கம்பைக் கொடுத்திருக்க வேண்டியதுதானே?”

நெய்தல்:

தம்பி, கணக்கப்பிள்ளை விஷயம் சரிதான், ஒப்புக்கொள்கிறேன். ஆனால் நுழைவுக் கட்டணத்தோடு புகைப்படத் தொகுப்பும் சேர்த்து விற்றார்களா இல்லையா என்று மலைக்கோட்டைக்காரர் சொல்லட்டும்.

மலைக்கோட்டைக்காரன்:

விற்றார்கள். வாங்கினேன். பன்னிரண்டு படம், எல்லாவற்றிலும் நான் கீழேதான் பார்த்துக்கொண்டிருக்கிறேன்.

நெய்தல் சொன்னதற்குப் பிறகு, அந்தக் கை காட்சிக்குத்தானோ என்று நானும் இரண்டு நாள் யோசித்தேன். எங்கள் குழுவில் ஆறு பேர். மற்ற ஐவரிடமும் அவர் கையைக் காட்டவில்லை, என் மைத்துனன் பக்கத்திலேயே இருந்தும் கவனிக்கவில்லை. வகுப்பு முடிந்து கிளம்பும்போது அவர் வராந்தாவில் தனியாக உட்கார்ந்து வாளை உறையில் போட்டு எடுத்துக்கொண்டிருந்தார். மழையைப் பார்த்தபடி, மிக மெதுவாக, ஆமை ஓட்டுக்குள் போவது போல.

இப்போது வீட்டில் சுருட்டிய காலண்டர்தான் எனக்கு உறை, மகளுடைய அடி ஸ்கேல் வாள். தொலைக்காட்சியில் செய்தி ஓடும்போது குனியாமல் போட்டுப் பார்க்கிறேன். பத்துக்கு நான்கு முறை உள்ளே போகிறது. மீதி ஆறும் அந்த இடுக்கில்தான் குத்துகிறது.