லைற் போட்டால் மகன் கண்ணைப் பொத்துகிறான், பிழை பல்ப்பிலா பிள்ளையிலா?

விசுவமடு அம்மா:
மகனுக்கு ஒன்பது வயது, ஓட்டிசம் உள்ள பிள்ளை. போன வருடம் கல்வீட்டுக்குக் குடிவந்ததிலிருந்து, பொழுதுபட்டு லைற் போட்டால் போதும், கண்ணையும் காதையும் பொத்திக்கொண்டு மூலைக்குள் போய்விடுகிறான். படிக்க இருத்தினால் அரை மணித்தியாலத்தில் தலையிடி என்று அழுகை. ஒருநாள் "லைற் கத்துது அம்மா" என்றான். முற்றத்து வெயிலில் நாள் முழுக்க விளையாடுகிற பிள்ளை, அந்த வெளிச்சம் அவனை ஒன்றும் செய்யவில்லை. கரண்ட் நின்ற இரவுகளில் குப்பி விளக்கடியில் ஆறுதலாக இருந்து படம் கீறுகிறான். சொந்தக்காரர் படிக்கக் கள்ளம் என்கிறார்கள். நானும் நம்பி இரண்டு தரம் அடித்துவிட்டேன், நினைத்தால் நித்திரை வரவில்லை. முன்னறையில் நாலடி ரியூப் லைற், படிக்கிற அறையில் சந்தையில் மலிவாக வாங்கிய எல்இடி பல்ப்பு. கறுப்புக் கண்ணாடி வாங்கிக் கொடுக்கவா?

வயரிங் தம்பி, கிளிநொச்சி:
அக்கா, பிள்ளை சொன்னது உண்மை. பழைய ரியூப் லைற்றில் கரண்டை மட்டுப்படுத்தும் சோக் என்ற பெட்டி மெல்லிய இரைச்சல் போடும், எங்களுக்குப் பழகிவிட்டது, அவனுக்குக் கேட்கிறது. எங்கள் கரண்ட் 50 ஹெர்ட்ஸ், அதாவது செக்கனுக்கு 50 சுற்று, ஒரு சுற்றுக்கு இரண்டு தரம் என்று சோக் லைற்றின் வெளிச்சம் செக்கனுக்கு 100 தரம் கூடிக் குறையும். மலிவான எல்இடி பல்ப்புகள் பலதும் இப்படித்தான், உள்ளே கரண்டைச் சமப்படுத்தும் கப்பாசிற்றர் சின்னதாக இருக்கும், அதுவும் சூட்டில் கெதியாகக் காய்ந்துவிடும். மேலே சீற் கூரை என்றால் சூட்டைச் சொல்லவே வேண்டாம்.

போன் கமராவில் ஸ்லோ மோஷன் போட்டு பல்ப்பைப் படம் எடுத்துப் பாருங்கள், துடித்தால் வடிவாகத் தெரியும். ஸ்லோ மோஷன் இல்லாவிட்டால் கமராவைப் பல்ப்புக்குக் கிட்டக் கொண்டுபோங்கள், திரையில் கறுப்புப் பட்டைகள் ஓடினால் அந்தப் பல்ப்பு சரியில்லை. கடையிலேயே இப்படிப் பார்த்து வாங்கலாம்.

இன்னொன்று, பக்கத்தில் அரிசி ஆலை மோட்டர் தொடங்கும்போது லைற் மங்கி எழும்புவது வேறு விசயம், அது வோல்ட்டேஜ். ஆனால் மூன்று பேஸ் கரண்ட் எடுத்த வீட்டில், ஓர் அறையில் மங்கும்போது மற்ற அறையில் பளிச்சென்று கூடினால் நியூட்ரல் வயர் கழன்றிருக்கலாம். அது ஆபத்து, மெயினை நிற்பாட்டிவிட்டு உடனே ஆளைக் கூப்பிடுங்கள்.

வவுனியா ரீச்சர்:
எனக்கு ஒற்றைத் தலையிடி, இருபது வருடமாக. ஆசிரியர் அறையில் கடைசி ரியூப் லைற்றுக்குக் கீழே இருந்த நாட்களில்தான் அதிகம் வந்தது என்று கண்டுபிடிக்கவே எனக்குப் பல வருடம் பிடித்தது, ஏனென்றால் கண்ணுக்கு அந்தத் துடிப்புத் தெரியாது. 1989இல் இங்கிலாந்தில் ஆர்னல்ட் வில்கின்ஸ் என்ற ஆய்வாளரும் கூட்டாளிகளும் அலுவலகங்களில் சோக் லைற்றையும், செக்கனுக்கு 32,000 தரம் வேகத்தில் ஓடும் எலெக்ட்ரோனிக் சோக் போட்ட லைற்றையும், எது எதுவென்று ஊழியர்களுக்குச் சொல்லாமல் மாற்றி மாற்றிப் போட்டுப் பார்த்தார்கள். வேகமான லைற்றில் தலையிடியும் கண் உளைவும் பாதிக்கும் கீழே போனது. அப்படியிருக்க, இது பிள்ளையின் கள்ளம் என்று யாரும் சொன்னால் விட்டுவிடாதீர்கள்.

நாங்கள் தொண்ணூறுகளில் வன்னியில் ஜாம் போத்தல் விளக்கில் படித்தவர்கள். அந்தச் சுடர் ஆடும், ஆனால் இப்படித் துடிக்காது. உங்கள் மகனுக்கு அது ஆறுதலாக இருந்ததில் எனக்கு ஆச்சரியமில்லை. அதற்காகத் திரும்ப அதற்குப் போக வேண்டாம், புகையும் தீயும் சின்ன விசயமில்லை. பல்ப்புப் பெட்டியில் 2700 அல்லது 3000 கெல்வின் என்று போட்டிருப்பதைப் பாருங்கள், மஞ்சள் சாயல், இரவு நித்திரைக்கும் நல்லது. 6500 என்றால் நீலம் கூடிய வெள்ளை. ஆனால் மஞ்சள் பல்ப்பும் துடிக்கலாம், நிறத்தை மட்டும் நம்பி வாங்கி நான் ஏமாந்திருக்கிறேன்.

மாங்குளம் நேர்ஸ்:
அம்மா, வீட்டுக்குள் கறுப்புக் கண்ணாடி வேண்டாம். கண் இருட்டுக்குப் பழகி வெளிச்சம் இன்னும் குத்தத் தொடங்கும். வெளியில் வெயிலுக்குத் தொப்பி போதும். பல்ப்பு எதுவானாலும் ஒருதரம் கண் கிளினிக்கில் காட்டுங்கள், பார்வைக் குறைபாடும் இப்படித் தலையிடி தரும். தலையிடியோடு வாந்தி, காலையில் எழும்பும்போதே தலையிடி, அல்லது கண் வெறித்து நினைவு தப்புதல் இருந்தால் கிளினிக் நாளுக்குக் காத்திருக்காமல் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோங்கள்.

விசுவமடு அம்மா:
எல்லாருக்கும் நன்றி. படிக்கிற அறைப் பல்ப்பில் தம்பி சொன்ன கறுப்புப் பட்டை ஓடியது, பார்த்து அழுதேவிட்டேன். கடையில் ஆறு பல்ப்பைப் போட்டுப் பார்த்து, பட்டை ஓடாத 3000 ஒன்றை எடுத்தேன். மேசையில் மூடியுள்ள விளக்கில், கண்ணில் நேரே படாமல் சுவர்ப் பக்கம் திருப்பிப் போட்டிருக்கிறோம். முன்னறை ரியூப்பைக் கழற்றியாயிற்று. நேற்று ஒன்றேகால் மணித்தியாலம் இருந்தான், தலையிடி சொல்லவில்லை. காதைப் பொத்துவது முழுக்கப் போகவில்லை, ஃபேனில் ஒரு சத்தம் இருக்கிறது, அதை இனிப் பார்க்க வேண்டும். கண் கிளினிக் வாற செவ்வாய். பள்ளிக்கூடத்திலும் சோக் லைற்தான், யன்னலோர வாங்கில் அவனை இருத்தச் சொல்லி வகுப்பு ரீச்சரிடம் கேட்டிருக்கிறேன். அடித்ததற்கு அவனிடம் மன்னிப்பும் கேட்டேன். "பல்ப்புக்குத்தான் அடிக்கோணும்" என்றான்.