கூரை போன வீட்டின் பூட்டு

2006ஆம் ஆண்டு, புஞ்சை புளியம்பட்டியில் நாங்கள் கட்டிய வீட்டுக்கு வண்ணம் பூச வந்தவர், பவானிசாகர் முகாமில் வசித்த யாழ்ப்பாணத்துப் பெரியவர். இன்று மறுவாழ்வு முகாம் என்று அழைக்கப்படுவதை அப்போது எல்லோரும் அகதி முகாம் என்றே சொல்வோம். 1995 அக்டோபரில் போரால் யாழ்ப்பாணமே காலியானபோது குடும்பத்துடன் நடந்தே வெளியேறி, தெற்கே வன்னிப் பகுதியைச் சேர்ந்து, மறு ஆண்டு இங்கே வரப் படகேறியவர் அவர்.

வேலைக்கு நடுவே அவர் சொன்னவை பெரும்பாலும் வேடிக்கைக் கதைகள். பொருளாதாரத் தடையால் பெட்ரோல் கிடைக்காத காலத்தில், மோட்டார் சைக்கிளைச் சில சொட்டுப் பெட்ரோல் விட்டுக் கிளப்பி, பிறகு மண்ணெண்ணெயில் ஓட்டுவார்களாம். "மூக்குக்குச் சொட்டு மருந்து விட்டாத்தான் தம்பி எங்கட வண்டி எழும்பும்" என்பார். குண்டு போட மெதுவாக வரும் அவ்ரோ விமானத்துக்கு அங்கே சகடை என்று பெயர். கிணற்றுச் சகடையை மட்டுமே அறிந்த எனக்கு அந்தப் பெயரே சிரிப்பை மூட்டியது.

அவருடைய மாமனார் கதைதான் உச்சம். ஷெல் விழுந்து கூரை முழுதும் போன பிறகும், விமானச் சத்தம் கேட்டால் அவர் முன்கதவைப் பூட்டிச் சாவியை மடியில் செருகிக்கொண்டுதான் பங்கருக்கு, அதாவது பதுங்குகுழிக்கு, ஓடுவாராம். கள்ளனும் முறைப்படி வாசலால்தான் வர வேண்டுமாம்.

"ஏனுங்க, அப்பப் பயமா இருக்காதுங்களா?" என்று அம்மா கேட்டார்.

"பயமில்லாமலோ அக்கா? பங்கருக்குள்ள பிள்ளையளின்ர பல்லு நடுங்குற சத்தத்தையே கேட்டுக்கொண்டிருக்க ஏலாது. ஆராவது ஏதாவது கதைக்க வேணும்."

தொலைக்காட்சியில் போர் பார்த்தபடி மீம்ஸ் அனுப்புகிறவர்களையும் இன்று நகைச்சுவை உணர்வு மிக்கவர்கள் என்கிறோம். பங்கருக்குள் பிறந்த அந்தச் சிரிப்போடு இதைச் சேர்த்துப் பேச எனக்கு மனம் ஒப்புவதில்லை.

தீபாவளிக்கு நான்கு நாள் இருக்கையில், பக்கத்து வீட்டுப் பையன் எங்கள் சுவரோரம் அணுகுண்டு வெடி ஒன்றைப் பற்றவைத்தான். சாரத்தின் முதல் தட்டில் நின்றிருந்த பெரியவர், வெடித்த நொடியில் கீழே குதித்து மணல் குவியலில் குப்புறக் கிடந்தார். நாங்கள் ஓடிப்போய்ப் பார்த்தபோது தலையை மட்டும் தூக்கி, "கதவைப் பூட்ட மறந்திட்டன் தம்பி" என்றார்.

நான் சிரித்துவிட்டேன். அம்மா சிரிக்கவில்லை, அவர் கையிலிருந்த பிரஷை மெல்ல வாங்கி வைத்துவிட்டு, காபி டம்ளரை அவரிடம் தராமல், நடுக்கம் நிற்கும்வரை தாமே பிடித்துக்கொண்டு நின்றார்.