குறும்படச் செற்றுக்கு மண்சுவர்: பூச்சு வெடிக்குது

கேள்வி: கிளிநொச்சியில ஒரு குறும்படத்துக்கு கலை இயக்கம் செய்யிறன். 8 அடி மண்சுவர் வேணும். பிளைவூட்டில பூசின களிமண் காய வெடிச்சுக் கொட்டுது. என்ன செய்யலாம்?

மறுமொழி 1: களி காயேக்க சுருங்கும், பலகை சுருங்காது. முதல்ல பலகையில சாக்கை இறுக்கி ஸ்ரேப்பிள் அடியுங்கோ, மண் பிடிக்கும். 2 பங்கு மணல், 1 பங்கு மண், கொஞ்சம் மரத்தூள். தண்ணியில மரப்பசை கலவுங்கோ. ஒரே தரமா அப்பாதேங்கோ, மெல்லிசா ரெண்டு பூச்சு. ஈரத்தில நிறம் கறுப்பாத்தான் தெரியும், காஞ்சாப் பிறகு பாத்து முடிவெடுங்கோ.

மறுமொழி 2: பின்னால சாய்வுக்கால் குடுத்து மணல்மூட்டை ஏத்துங்கோ. சோளகக் காத்துக்கு (தென்மேற்குக் காத்து) 8 அடிக்கு 4 அடிப் பலகை கப்பல் பாய் மாதிரி.

மறுமொழி 3: மேல சொன்னதுகள் சரி. அதோட அடிச்சுவரில ஒரு அடிக்கு மழைத்தெறிப்புக் கறை கட்டாயம் போடுங்கோ. அது இல்லாட்டி எவ்வளவு வடிவாக் கட்டினாலும் கமராவில பொய்யாத்தான் தெரியும். கூரைக்குப் புதுக்கிடுகு (பின்னின தென்னோலை) போட்டா, பழசாத் தெரிய சாம்பல்நிற இமல்ஷன் பெயின்ற்றைத் தண்ணியாக் கரைச்சுத் தெளியுங்கோ.